பதினோரு நிமிடம், நாற்பத்தோரு மாலை

பகலில் நான் கல்யாண வீடியோ வெட்டுகிறவன்.
தாலி ஏறும் ஒரு நொடியை
நாற்பது நொடியாக இழுத்துக் கொடுத்தால்
மாப்பிள்ளை வீட்டார் ஐந்நூறு சேர்த்துத் தருவார்கள்.

மாலையில் கோரிமேட்டில்,
மூடிக் கிடக்கும் சைக்கிள் கடைப் படியில்
முக்காலியை ஊன்றுவேன்.
ஏழே காலுக்கு அழுத்தி
ஏழு இருபத்தாறுக்கு நிறுத்துவது.
நடுவில் கை வைப்பதில்லை. அதுதான் சட்டம்.

சட்டகத்துக்குள் இருசாயியின் தள்ளுவண்டி.
ஒரு தட்டுவடை, மேலே பச்சைச் சட்னி, சிவப்புச் சட்னி,
துருவிய காரட், பீட்ரூட், வெங்காயம்,
மூடியாக இன்னொரு தட்டுவடை.
ஒரு செட்டுக்கு ஒன்பது நொடி.
மூன்றாம் நாள் ஒன்பது. பதினேழாம் நாள் ஒன்பது.
மழை பிடித்த பத்தொன்பதாம் நாள்
கழுத்தில் குடைக்காம்பை இடுக்கிக்கொண்டும்
பத்துதான்.

"என்னத்தங்க எடுக்கறீங்க தெனமும்?"
"நேரத்தை."
"எடுத்து?"
ஒரு நொறுக்கல் வாங்கிக்கொண்டேன்.

இருபத்து மூன்றாம் நாள் வண்டி இல்லை.
சட்டம் சட்டம்தானே, அழுத்தினேன்.
தார்மேல் எண்ணெய்க் கறை.
காக்கிச் சட்டைக்காரர் ஒருவர் வந்து
எப்போதும் நிற்கும் இடத்திலேயே நின்று
சில்லறையை எண்ணினார்,
பைக்குள் போட்டார்,
மறுபடி எடுத்து எண்ணினார்.
நாய் ஒன்று
விழாத காரட்டுக்காகத் தரையை முகர்ந்தது.
பதினோரு நிமிடம் எவ்வளவு நீளம் என்று
அன்றைக்குத்தான் தெரிந்தது.

தூக்கம் வராத ஒரு ராத்திரி
எல்லாவற்றையும் பின்னோக்கி ஓட்டினேன்.
வாய்களிலிருந்து வடைகள் முழுசாக வெளியே வந்தன.
வெங்காயம் எழும்பி அவள் விரலுக்குப் போனது.
காசு அவளை விட்டுப் பிறத்தியார் பைகளுக்குத் திரும்பியது.

காட்டினேன். சிரித்தாள்.
"இப்படியே ஓட்டுனா வாரக் கடனும் திரும்பிப் போயிருமுங்களா?"
"போயிரும்."
யோசித்தாள்.
"அதுல வாங்குன வண்டியும் போயிருமே.
வேணாம், நேராவே ஓட்டுங்க."

நேராக ஓட்டியதில்
இருபத்து மூன்றாம் நாளை மட்டும்
மூன்று தடவை கேட்டாள்.
அன்றைக்கு எங்கே போனாள் என்று
அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.
"நான் இல்லைன்னா இப்படித்தான் இருக்குமாட்ட இருக்கு,"
என்றாள், வேறு யாரைப் பற்றியோ சொல்வதுபோல.

பிறகு திரையில் விரலை வைத்தாள். படம் நின்றது.
"இதென்னங்க வெளிச்சம்?"

சேர்வராயன் மலையின் கறுப்பில்
அரிசி முனையளவு மஞ்சள்.
நானும் பார்த்திருக்கவில்லை.
"ஏற்காட்டுலேர்ந்து எறங்குற பஸ்ஸு.
கொண்டை ஊசி வளைவுல திரும்பறப்ப
இந்தப் பக்கம் அடிக்குது."
"தெனமுமா?"

நாற்பது நாளையும் தேடினோம்.
ஏழு இருபது. ஏழு இருபது. ஏழு இருபத்தொன்று.
அவள் காதுக்கு ஒரு விரல் மேலே
எரிந்து, அணைந்து, கொஞ்சம் கீழே எரிந்தது.
பதினாலு வருஷமாய்
மலைக்கு முதுகைக் காட்டி நிற்கிறவள்
சட்னிக் கையைச் சேலையில் துடைத்துவிட்டு
ஒன்றும் சொல்லாமல் வண்டிக்குப் போனாள்.

நாற்பத்தோராம் நாள்.
ஒன்பது. ஒன்பது. ஒன்பது.
ஏழு இருபதுக்குக் கரண்டி பாதியில் நிற்க
திரும்பிவிட்டாள்.
சட்டகம் முழுக்க அவள் கொண்டை, அதில் ஓர் ஊசி.
அந்தச் செட்டுக்கு முப்பத்திரண்டு நொடி.
அன்றைக்குப் பார்த்து பஸ் தாமதம்.
அடுத்த செட்டுக்குப் பதினாலு.
அடுத்தது இருபது.
ஒவ்வொன்றுக்கும் நடுவே ஒரு திரும்பல்.
நாற்பது நாள் தொடர்ச்சியும் கெட்டது.
வெட்டிவிடலாம். தொழிலே அதுதான்.

"அக்கா, காரம் கம்மியா,"
காக்கிச் சட்டைக்காரர் இரண்டாம் தடவை சொல்கிறார்.

ஏழு இருபத்தாறு.
மலையில் இன்னும் இருட்டு.
நான் நிறுத்தவில்லை.